துப்பாக்கிமுனைக் கத்தியும் இருபது வினாடியும்

உங்கள் வீட்டில் மின்விளக்கு பழுதாகிவிட்டால் என்ன செய்கிறீர்கள்? ஸ்டூலின் மேல் ஏறிப் பல்பைச் சற்று அழுத்தி, இடப்பக்கம் திருப்பி வெளியே எடுக்கிறீர்கள். புதிய பல்பின் உலோகத் தலையில் இரண்டு சிறு முளைகள் துருத்திக் கொண்டிருக்கும். அவற்றை ஹோல்டரின் பள்ளங்களில் நுழைத்து, அழுத்தி, வலப்பக்கம் திருப்பினால் பல்பு பூட்டிக்கொள்கிறது. இப்படி மாட்டும் முறைக்குப் 'பயனெட் மாட்டல்' என்று பெயர். பயனெட் என்றால் துப்பாக்கியின் முனையில் பொருத்தும் கத்தி. குடியரசு நாள் அணிவகுப்பில் வீரர்களின் துப்பாக்கி நுனியில் வெயில் பட்டு மின்னுமே, அதே கத்திதான்.

வீட்டு விளக்குக்கும் போர்க்களத்துக் கத்திக்கும் உள்ள உறவு பெயரளவில் மட்டும் இல்லை. துப்பாக்கிமுனையில் கத்தியை எப்படிப் பூட்டுவது என்ற கேள்விக்கு விடை காணச் சிலர் பட்ட பாடுதான் இந்த முளையும் பள்ளமும். அந்தக் கதையைத் தொடர்ந்து சென்றால் ஒரு சிறிய கணக்கு நமக்குக் கிடைக்கும். எட்டாம் வகுப்பு மாணவரும் போட்டுவிடக்கூடிய கணக்கு அது. ஆனால் அதைத் திரும்பப் போட்டுப் பார்க்காத தளபதிகளால் மாண்டவர்கள் இலட்சக்கணக்கானோர்.

சுட்டபின் வெறுங்கை

பதினேழாம் நூற்றாண்டு ஐரோப்பியப் படைகளில் துப்பாக்கி உண்டு. ஆனால் அது மிகவும் மெதுவான கருவி. ஒரு முறை சுட்டபின் குழலின் வாய் வழியாக வெடிமருந்தைக் கொட்டி, ஈயக் குண்டைப் போட்டு, நீண்ட கோலால் இடித்து, மீண்டும் குறிபார்க்க வேண்டும். அதற்குள் எதிரியின் குதிரைப்படை மேலே வந்து விழுந்துவிடும். சுட்டு முடித்த துப்பாக்கி வெறும் தடிதானே! ஆகவே துப்பாக்கி வீரர்களுக்குக் காவலாக நான்கைந்து மீட்டர் நீளமுள்ள ஈட்டிகளைத் தாங்கிய வீரர்களையும் நிறுத்தினார்கள். படையில் ஒரு பகுதி சுடாமல் காவல் மட்டும் காத்து நின்றது.

துப்பாக்கியையே ஈட்டியாக மாற்றிவிட்டால் என்ன? இதுதான் பயனெட்டின் பின்னால் உள்ள யோசனை. தென்மேற்குப் பிரான்சிலுள்ள பயோன் என்ற ஊரின் பெயரிலிருந்து இச்சொல் வந்தது என்பர். முதலில் வந்த கத்தி மிக எளியது. அதன் மரக் கைப்பிடியைக் குழலின் வாயில் தக்கை போலச் செருகிவிடுவார்கள். துப்பாக்கி உடனே ஈட்டியாகிவிடும். ஆனால் வாய் அடைபட்டுவிட்டதால் சுட முடியாது. சுடுவதா, குத்துவதா? இரண்டில் ஒன்றைத்தான் தேர்ந்தெடுக்கலாம்.

இந்தக் குறை எவ்வளவு பெரியது என்பதை 1689 ஜூலை 27ஆம் நாள் ஸ்காட்லாந்தின் கில்லிகிராங்கி கணவாயில் நடந்த போர் காட்டியது. அரசுப் படைக்குத் தலைவர் ஹ்யூ மெக்கே. எதிரே மலைநாட்டு வீரர்கள் சரிவின் உச்சியிலிருந்து வாளுடன் ஓடி வந்தார்கள். மெக்கேயின் வீரர்கள் சுட்டார்கள். பிறகு கத்தியைச் செருகக் குனிந்தார்கள். செருகி முடிப்பதற்குள் வாள்கள் தலைக்கு மேல் வந்துவிட்டன. சில நிமிடங்களில் படை சிதறி ஓடியது. கத்தி மாட்டியிருக்கும்போதே சுட வழி வேண்டும் என்பதை மெக்கே அன்று கண்டுகொண்டார்.

ஏறத்தாழ அதே காலத்தில், பிரான்சின் புகழ்பெற்ற கோட்டைப் பொறியாளர் வோபான் அதற்கு ஏற்ற வடிவத்தைப் பரப்பினார். கத்தியின் அடியில் ஒரு குட்டைக் குழாய். அது துப்பாக்கிக் குழலின் வெளிப்புறத்தில் மோதிரம் போல நுழையும். குழாயில் வளைந்த பள்ளம். குழலில் ஒரு முளை. நுழைத்துத் திருப்பினால் பூட்டிக்கொள்ளும். நம் பல்பேதான்! கத்தியின் அலகு குழலுக்கு நேராக இல்லாமல் ஒரு பக்கமாக விலகி நிற்கும். ஆகவே குண்டு தடையின்றி வெளியேறும்; மருந்து இடிக்கும் கையும் அறுபடாது. அலகின் குறுக்குவெட்டு முக்கோணமாக இருந்தது. குறைந்த எஃகைக் கொண்டு வளையாத உறுதியைப் பெற அது நல்ல வடிவம்.

1703ஆம் ஆண்டில் பிரெஞ்சுக் காலாட்படை ஈட்டிகளை ஒதுக்கிவிட்டது. இப்போது ஒவ்வொரு வீரனும் துப்பாக்கிக்காரன்; ஒவ்வொரு வீரனும் ஈட்டிக்காரன்.

ஒரு சிறிய கணக்கு

தற்காப்புக்காக வந்த கத்தி விரைவில் தாக்குதலுக்கும் பயன்பட்டது. வரிசையாக நின்று, ஒருமுறை சேர்ந்து சுட்டு, புகை கலைவதற்குள் கத்தியை நீட்டிக்கொண்டு எதிரியின் மேல் பாய்வது. ஏன் இது பலித்தது? வீரம் என்று ஒரே சொல்லில் விடை கூறிவிடலாம். ஆனால் நாம் கணக்கைப் பார்ப்போம்.

அக்காலத்து ஆங்கிலத் துப்பாக்கியின் குழல் விட்டம் சுமார் 19 மில்லிமீட்டர். அதில் போடும் குண்டின் விட்டமோ சுமார் 17.5 மில்லிமீட்டர். கரிமருந்து எரிந்தால் குழலில் கசடு படியும். குண்டு இறுக்கமாக இருந்தால் அடுத்த முறை உள்ளே போகாது. விரைவாக நிரப்புவதற்காக வேண்டுமென்றே இடைவெளி விட்டார்கள். விளைவு என்ன? குண்டு குழலின் சுவர்களில் மோதி மோதி வெளியே வரும். கடைசியாக எந்தப் பக்கம் மோதியதோ அதற்கேற்பத் திசையும் மாறும், தாறுமாறான சுழற்சியும் ஏற்படும். வெளியேறும் திசையில் ஒரு பாகை பிசகினால், 80 மீட்டர் தூரத்தில் குண்டு 1.4 மீட்டர் விலகிவிடும்.

சுழலும் குண்டு காற்றில் வளைந்து செல்லும் என்பதைச் சோதனையால் காட்டியவர் பெஞ்சமின் ராபின்ஸ் என்ற ஆங்கிலேய விஞ்ஞானி. குழலின் நுனியை இடப்பக்கமாகச் சற்று வளைத்துச் சுட்டார். குண்டு இடப்பக்கம் புறப்பட்டு, பிறகு வலப்பக்கம் வளைந்து சென்றது! குழலின் வலச்சுவரில் உருண்டு வந்ததால் ஏற்பட்ட சுழற்சியே காரணம். குழலுக்குள் புரிகள் வெட்டிக் குண்டை ஒழுங்காகச் சுழலவிட்டால் அது நேராகச் செல்லும் என்றும், அத்தகைய துப்பாக்கியை முதலில் கைக்கொள்ளும் நாடு போரில் மேலோங்கும் என்றும் 1747இல் அவர் அறிவித்தார். இந்த அறிஞர் பின்னர் கிழக்கிந்தியக் கம்பெனியின் பொறியாளராக நம் கடற்கரைக்கு வந்து, 1751இல் கடலூரை அடுத்த புனித டேவிட் கோட்டையில் காலமானார் என்பது நம்மில் பலர் அறியாத செய்தி.

மேற்கண்ட காரணங்களால் 80 மீட்டருக்கு அப்பால் ஒரு தனி ஆளைக் குறிவைத்து அடிப்பது அதிர்ஷ்டத்தைப் பொறுத்தது. நன்கு பயின்ற வீரன் நிமிடத்துக்கு மூன்று முறை சுடுவான். அதாவது இரண்டு வேட்டுகளுக்கு இடையே 20 வினாடி. கத்தியுடன் ஓடி வருபவனின் வேகம் வினாடிக்கு 4 மீட்டர் என்று கொள்வோம். 80 மீட்டரை அவன் கடக்க ஆகும் நேரம்? அதுவும் 20 வினாடிதான்!

இப்போது புரிகிறதல்லவா? எதிரே நிற்பவனுக்குக் கையில் உள்ளது ஒரே ஒரு வேட்டு. அதைச் சுட்டுவிட்டால், அடுத்த குண்டை இடித்து முடிக்கும் நேரமும் கத்தி அவன் மார்புக்கு வரும் நேரமும் ஒன்று. கை நடுங்கினால் அந்த இருபது வினாடி முப்பதாகும். பாய்ச்சலின் வெற்றி முழுவதும் இந்தச் சமன்பாட்டில் அடங்கியிருந்தது.

ஒரே ஆண்டில் இரண்டு போர்கள்

1746 ஏப்ரல் 16 அன்று ஸ்காட்லாந்தின் கலோடன் சமவெளியில் மலைநாட்டு வீரர்கள் மறுபடியும் வாளேந்தி ஓடி வந்தார்கள். ஆனால் எதிரே நின்றது கில்லிகிராங்கியில் கண்ட பழைய படை அன்று. பீரங்கியாலும் துப்பாக்கியாலும் சுட்டபின்னும் அவர்கள் கத்தி நீட்டி நிற்க முடிந்தது. ஒரு மணி நேரத்துக்குள் போர் முடிந்துவிட்டது. மலைநாட்டாரின் பழைய போர்முறையும் அன்றோடு முடிந்தது.

அதே ஆண்டின் பிற்பகுதியில் இதே பாடம் சென்னையில் நடத்தப்பட்டது. ஆங்கிலேயரிடமிருந்து சென்னைக் கோட்டையைப் பிரெஞ்சுக்காரர் பிடித்திருந்த சமயம். ஆற்காட்டு நவாபின் மகன் மாபூஸ்கான் பெரும்படையுடன் அடையாற்றின் கரையில் வழிமறித்து நின்றார். அவரிடம் ஏறத்தாழ பத்தாயிரம் பேரும் பீரங்கிகளும் இருந்ததாகக் கூறுவர். புதுச்சேரியிலிருந்து வந்த பாரதி என்ற தளபதியிடம், பிரெஞ்சு வீரர்களும் அவர்கள் பயிற்றுவித்த இந்தியச் சிப்பாய்களுமாகச் சுமார் ஆயிரம் பேரே இருந்தனர். (பாரதி என்பது அவருடைய பிரெஞ்சுப் பெயரின் ஒலிப்பு, நம் கவிஞர் பெயரோடு குழப்பிக்கொள்ள வேண்டாம்.) பீரங்கி ஒன்றுகூட அவரிடம் இல்லை. அவருடைய படை ஆற்றைக் கடந்தது, சேர்ந்து ஒரு வேட்டுப் போட்டது, கத்தியுடன் பாய்ந்தது. நவாபின் படை நிலைகுலைந்து ஓடிற்று. எண்ணிக்கையைவிடப் பயிற்சியும் ஒழுங்குமே மேல் என்பதை ஐரோப்பியக் கம்பெனிகள் இந்தியாவில் அறிந்துகொண்ட நாள் அது. அதன் பின்விளைவுகளை நாம் அறிவோம்.

கத்தியா கொன்றது?

இங்கே ஒரு வியப்பான உண்மையைக் கவனிக்க வேண்டும். அமெரிக்க உள்நாட்டுப் போரில், 1861 முதல் 1865 வரை, வடவர் படை மருத்துவர்கள் தாம் சிகிச்சையளித்த காயங்களைக் கணக்கெடுத்து வைத்தார்கள். மொத்தம் சுமார் இரண்டரை இலட்சம். அவற்றில் துப்பாக்கிமுனைக் கத்தியாலும் குதிரைவீரர் வாளாலும் ஏற்பட்டவை 922 மட்டுமே. ஆயிரத்துக்கு நான்குகூட இல்லை! கத்திக்குத்துப் பட்டவர்கள் களத்திலேயே இறந்திருக்கலாமே என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான ஐயம்தான். சிலர் இறந்திருப்பர். ஆனால் இவ்வளவு பெரிய வேறுபாட்டை அது விளக்காது.

விளக்கம் மனித மனத்தில் இருக்கிறது. கத்தி நீட்டிய வரிசை ஓடி வருவதைக் கண்டதும், பெரும்பாலும் இரண்டில் ஒன்று நடக்கும்: எதிரே நிற்பவர்கள் திரும்பி ஓடுவார்கள், அல்லது ஓடி வருபவர்கள் குண்டுக்கு அஞ்சி நடுவழியில் நின்றுவிடுவார்கள். கத்தியும் கத்தியும் சந்திப்பது அரிது. பாய்ச்சல் என்பது இரு தரப்பு அச்சங்களுக்கு இடையே நடந்த பந்தயம். கையில் ஒரே வேட்டுதான் உண்டு என்று தெரிந்தவனுக்கு அச்சம் அதிகம். முப்பது வேட்டு உண்டு என்று தெரிந்தால்? அவன் ஏன் ஓடப்போகிறான்?

கணக்கு மாறுகிறது

ராபின்ஸ் சொன்ன புரிகுழல் துப்பாக்கி நூறாண்டு காலம் வேட்டைக்காரர்களிடமும் சிறு படைகளிடமும் மட்டுமே இருந்தது. இறுக்கமான குண்டை இடித்து இறக்க நேரம் பிடித்ததே காரணம். 1849இல் பிரெஞ்சு அதிகாரி மினியே இதற்கு எளிய தீர்வு கண்டார். குழலைவிடச் சற்றுச் சிறிய, கூர்முனைக் குண்டு. அதன் அடிப்பக்கத்தில் ஒரு குழிவு. எளிதாக உள்ளே விழும். மருந்து வெடிக்கும்போது வாயுவின் அழுத்தத்தால் குழிவு விரிந்து, குண்டு புரிகளைக் கவ்விக்கொள்ளும். நிரப்பும் நேரம் கூடாமலே துல்லியம் பன்மடங்கு கூடிற்று.

ஆயினும் பாய்ச்சல் உடனே மறையவில்லை. அதற்கும் இயற்பியல் காரணம் ஒன்று உண்டு. மினியே குண்டின் தொடக்க வேகம் வினாடிக்குச் சுமார் 290 மீட்டர்தான். 500 மீட்டர் செல்ல அதற்கு 1.7 வினாடி ஆகும். காற்றின் தடையை விட்டுவிட்டுக் கணக்கிட்டால்கூட, வழியின் நடுவே அது 3.6 மீட்டர் உயரம் எழும்பிச் செல்லும். நடுவில் ஓடி வருபவனின் தலைக்கு மேலே பறந்துவிடும்! தூரத்தைச் சரியாக மதிப்பிடத் தெரியாதவன் கையில் புரிகுழலும் பயன் தராது. எனவே பல சண்டைகள் பழையபடி நெருங்கிய தூரத்திலேயே நடந்தன.

1863 ஜூலையில் கெட்டிஸ்பர்க் களத்தில் அடுத்தடுத்த இரு நாள்கள் நடந்ததைப் பாருங்கள். 2ஆம் நாள், லிட்டில் ரவுண்ட் டாப் என்ற குன்றில் மெயின் மாநிலத்தின் 20ஆம் படைப்பிரிவு நின்றது. நானூறுக்கும் குறைவானவர்கள். தலைவர் சேம்பர்லின், போருக்கு முன் என்னைப் போல ஒரு கல்லூரி ஆசிரியர். குண்டுகள் தீர்ந்துகொண்டிருந்தன. கத்தியை மாட்டச் சொல்லிச் சரிவில் பாய்ந்தார். எதிரே இருந்த அலபாமா வீரர்கள் அன்று சுமார் 40 கிலோமீட்டர் நடந்து வந்தவர்கள். குடிக்கத் தண்ணீர்கூட இல்லை. தூரமும் குறைவு. பாய்ச்சல் வென்றது.

மறுநாள் தென்னவர் படையினர் சுமார் 12,500 பேர், ஒரு கிலோமீட்டருக்கு மேற்பட்ட திறந்த வெளியில் அணிவகுத்து முன்னேறினார்கள். அவர்களிடமும் கத்தி இருந்தது, வீரமும் குறைவில்லை. ஆனால் அவர்கள் கடக்க வேண்டியது இருபது வினாடி வெளியன்று. கால் மணி நேர வெளி. பாதிக்கு மேற்பட்டோர் மாண்டனர், காயமுற்றனர் அல்லது பிடிபட்டனர்.

முதல் நாளின் கதை பாடப்புத்தகங்களில் புகழப்பட்டது. இரண்டாம் நாளின் கணக்கை எத்தனை பேர் போட்டுப் பார்த்தார்கள்?

போடாத கணக்கின் விலை

1884இல் பிரெஞ்சு வேதியியலார் வியேய் புகையில்லா வெடிமருந்தைக் கண்டார். இரண்டு ஆண்டுகளில் லெபெல் துப்பாக்கி வந்தது. குண்டின் வேகம் வினாடிக்கு 600 மீட்டருக்கு மேல். முன்பு போட்ட கணக்கையே மீண்டும் போடுங்கள்: 500 மீட்டர் வழியில் நடு உயரம் ஒரு மீட்டருக்கும் குறைவு. இப்போது வழியில் எங்கு நின்றாலும் குண்டு படும். தூர மதிப்பீடு தவறினாலும் படும். போதாக்குறைக்கு 1884இல் மாக்சிம் இயந்திரத் துப்பாக்கியைச் செய்தார். நிமிடத்துக்குச் சுமார் 500 குண்டுகள்.

400 மீட்டர் வெளியை வினாடிக்கு 3 மீட்டர் வேகத்தில் கடக்க 133 வினாடி ஆகும். நல்ல பயிற்சி பெற்றவன் நிமிடத்துக்குப் 15 முறை சுட்டால், அதற்குள் 33 வேட்டு. ஒரே ஒரு இயந்திரத் துப்பாக்கி ஆயிரத்துக்கு மேல். அன்று ஒன்று, இன்று ஆயிரம். சமன்பாட்டின் ஒரு பக்கம் ஆயிரம் மடங்கு கனத்துவிட்டது. மனிதனின் கால்கள் மட்டும் பழைய வேகத்தில்தான் ஓடின.

இதை எச்சரிக்கும் நிகழ்ச்சிகள் இல்லாமல் இல்லை. 1870 ஆகஸ்ட் 18இல் சென் பிரிவா என்ற ஊரின் முன்னால், பிரஷ்ய அரசக் காவற்படை நெருக்கமான அணியில் முன்னேறிச் சுமார் 8,000 பேரை இழந்தது. 1904-05இல் ஜப்பானியர் ரஷ்யரிடமிருந்து போர்ட் ஆர்தரைப் பிடித்தபோது ஐம்பதாயிரத்துக்கு மேற்பட்டோர் மாண்டோ காயமுற்றோ விழுந்தனர். உலகப் படைகளின் பார்வையாளர்கள் அங்கே இருந்தார்கள். அவர்களுள் பலர் எழுதிக்கொண்டது எது தெரியுமா? 'துணிந்து பாய்ந்தால் கோட்டையும் விழும்' என்பதே. விழுந்த கோட்டையைக் கண்டார்கள். விழுந்த மனிதரை எண்ணவில்லை.

பிரான்சில் கர்னல் கிராண்மேசோன் 1911இல் ஆற்றிய சொற்பொழிவுகள், எப்போதும் தாக்கு, எல்லையின்றித் தாக்கு என்ற கொள்கைக்கு ஊக்கமளித்தன. 1914 ஆகஸ்டில் பிரெஞ்சு வீரர்கள் சிவப்புக் காற்சட்டையும் அரை மீட்டர் நீளக் கத்தியுமாகப் போருக்குச் சென்றார்கள். ஆகஸ்ட் 22 என்ற ஒரே நாளில் இறந்த பிரெஞ்சு வீரர்கள் சுமார் 27,000 பேர். பெரும்பாலும் கல்லூரியில் படிக்கும் வயதினர். கிராண்மேசோனும் 1915 பிப்ரவரியில் போர்முனையிலேயே உயிர் நீத்தார்.

அப்போரில் பிரிட்டிஷ் மருத்துவத் துறை இரண்டு இலட்சத்துக்கு மேற்பட்ட காயங்களை ஆராய்ந்தது. கத்திக் காயங்கள் ஆயிரத்துக்குச் சுமார் மூன்று. பீரங்கிக் குண்டுகளாலும் சிறு பீரங்கிகளாலும் ஏற்பட்டவை பாதிக்கு மேல். இத்தனைக்குப் பிறகும், 1944 ஜூலை 7இல் சைபன் தீவில் மூவாயிரத்துக்கு மேற்பட்ட ஜப்பானியர் இயந்திரத் துப்பாக்கிகளை நோக்கிப் பாய்ந்து மடிந்தனர்.

இன்றும் கத்தி உண்டா?

உண்டு. 1982 ஜூனில் ஃபாக்லந்துத் தீவின் டம்பிள்டவுன் மலையில் ஸ்காட்லாந்துக் காவற்படையினர் கத்தியுடன் போரிட்டார்கள். 2004 மே மாதம் ஈராக்கின் அமாரா அருகிலும் பிரிட்டிஷ் வீரர்கள் கத்தி மாட்டிப் பாய்ந்தார்கள். 2010இல் அமெரிக்கத் தரைப்படை, புதிய வீரர்களுக்கான அடிப்படைப் பயிற்சியிலிருந்து கத்திப் பாய்ச்சலை நீக்கிவிட்டது.

டம்பிள்டவுனில் கத்தி ஏன் உதவிற்று? நடந்தது இருட்டில், பாறைகளுக்கு நடுவே, சில மீட்டர் இடைவெளியில். இருட்டும் பாறையும் எதிரியின் பார்வையைக் குறுக்கி, பழைய இருபது வினாடியை அந்த இடத்தில் மட்டும் திரும்பக் கொண்டு வந்துவிட்டன. நிபந்தனை திரும்பியது, விடையும் திரும்பியது.

வகுப்பில் மாணவர்கள் ஒரு சூத்திரத்தை மனப்பாடமாக எழுதும்போது, 'இது எந்த நிபந்தனையில் செல்லும்?' என்று கேட்பது என் வழக்கம். பலர் விழிப்பார்கள். முடுக்கம் மாறாதிருக்கும்போது மட்டும் பொருந்தும் சூத்திரத்தை எல்லா இடத்திலும் போட்டுவிடுவார்கள். அவர்களுக்குக் குறைவது இரண்டு மதிப்பெண். 'பாய்ந்தால் எதிரி ஓடுவான்' என்பதும் ஒரு சூத்திரம்தான். 80 மீட்டர், 20 வினாடி, ஒரே வேட்டு என்ற நிபந்தனையில் அது உண்மை. 1746இல் அது அடையாற்றங்கரையில் வென்றது. நிபந்தனையை அழித்துவிட்டுச் சூத்திரத்தை மட்டும் வைத்துக்கொண்டவர்களால் 1914இல் ஒரே நாளில் 27,000 வீடுகளில் விளக்கு அணைந்தது.